மாவு மில்லுக்கு சீல் வைத்துவிட்டார்கள்: உயர் நீதிமன்றமா, கலெக்டர் மனுவா?

கேள்வி: தருமபுரி பக்கம் வாடகைக் கட்டடத்தில் பல ஆண்டுகளாக நானும் என் கணவரும் மாவு மில் நடத்துகிறோம். கேழ்வரகு, கம்பு, மிளகாய், மல்லி அரைத்துக் கொடுக்கிறோம். தொழில் உரிமத்தைப் புதுப்பிக்கப் பிப்ரவரியிலேயே கட்டணம் கட்டி மனு கொடுத்தோம், பதில் வரவில்லை. கட்டட உரிமையாளருக்கும் எங்களுக்கும் வாடகைத் தகராறு. அவர் சத்தம், மிளகாய் நெடி என்று புகார் எழுதிக் கொடுத்திருக்கிறார். போன வெள்ளிக்கிழமை மாலை உள்ளாட்சி அலுவலகத்திலிருந்து வந்து மில்லைப் பூட்டி சீல் வைத்துவிட்டார்கள். 'உரிமம் இன்றி நடத்துவதால் மூடி முத்திரையிடப்படுகிறது' என்று ஒரு தாள் ஒட்டியிருக்கிறது. முன்கூட்டி நோட்டீஸ் எதுவும் இல்லை. உயர் நீதிமன்றம் போகலாமா? கலெக்டரிடம் மனு கொடுத்தால் திறப்பார்களா?

பதில்:

உயர் நீதிமன்றம் போகலாம். அதற்கு முன் கதவில் ஒட்டியிருக்கும் தாளை நல்ல வெளிச்சத்தில் படம் எடுத்து வரி வரியாகப் படியுங்கள். தொழில் உரிமக் கோப்புகளோடு நீண்ட காலம் புழங்கியவன் என்ற முறையில் சொல்கிறேன்: சீல் வைக்கப்பட்ட கடைக்காரர்கள் பெரும்பாலோர் அந்தத் தாளை முழுதாகப் படிக்காமலேயே வக்கீலைத் தேடி ஓடுகிறார்கள். கோபத்தில் அது இயல்புதான். ஆனால் வழக்கின் பாதி அந்த ஒற்றைத் தாளில் இருக்கிறது.

மேல் மூலையில் 'ந.க.எண்' என்று தொடங்கும் ஓர் எண் இருக்கும், அது அலுவலகக் கோப்பின் எண். அதன் சாய்கோட்டுக்குப் பின் 'எச்1' போன்ற குறி இருந்தால் கோப்பு பெரும்பாலும் சுகாதாரப் பிரிவில் இருக்கிறது; 'எஃப்1' என்றால் நகரமைப்புப் பிரிவு. எண்ணே இல்லை என்றால் இன்னும் நல்லது, அலுவலகத்தில் கோப்பு திறக்காமலேயே கதவைப் பூட்டியிருக்கிறார்கள் என்று வாதிடலாம். அடுத்து தேதி. பிறகு எந்தச் சட்டம், எந்தப் பிரிவு என்று எழுதியிருக்கிறதா என்பது. கடைசியாகக் கையெழுத்து: அந்த அலுவலகத்தின் தலைமை அதிகாரியான ஆணையாளரே போட்டாரா, 'ஆணையாளருக்காக' என்று வேறொருவர் போட்டாரா, அப்படிப் போட அவருக்கு அதிகாரம் எழுத்தில் ஒப்படைக்கப்பட்டிருக்கிறதா. சுகாதார ஆய்வாளர் வந்து ஆய்வு செய்யலாம், அறிக்கை கொடுக்கலாம். மூடச் சொல்லி உத்தரவிடும் அதிகாரம் யாருக்கு என்பதைச் சட்டம்தான் சொல்லும், அவர் அணிந்திருக்கும் அடையாள அட்டை சொல்லாது.

இதை ஏன் இவ்வளவு அழுத்திச் சொல்கிறேன் என்றால், கடையை மூட வைக்கும் அதிகாரம் நம் ஊரில் பலரிடம் இருக்கிறது. ஒவ்வொருவர் உத்தரவையும் எதிர்த்துப் போகும் இடமும் வேறு. கட்டடம் அனுமதிக்கு மாறாகக் கட்டப்பட்டது என்று நகரமைப்புப் பிரிவு சீல் வைத்தால் அது 1971ஆம் ஆண்டின் நகர் ஊரமைப்புச் சட்டத்தில் வரும். அதற்கு அரசிடம் முறையீடு செய்ய 80-அ என்று தனிப் பிரிவே உண்டு, அங்கே உங்கள் தொழில் உரிமத்தைப் பற்றிப் பேசிப் பயனில்லை. கிரானைட் பாலிஷ் பட்டறை, மாங்கூழ் ஆலை போன்றவற்றை மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் நீர்ச் சட்டத்தின் 33-அ பிரிவில் மூடச் சொன்னால் பசுமைத் தீர்ப்பாயத்துக்கும், காற்றுச் சட்டத்தின் 31-அ பிரிவில் மூடச் சொன்னால் முதலில் அந்தச் சட்டத்தின் மேல்முறையீட்டு அமைப்புக்கும் போக வேண்டும். அந்தப் பிரிவுகளில் மின் இணைப்பைத் துண்டிக்கவும் வாரியத்தால் உத்தரவிட முடியும். பொதுத் தொல்லை என்று கோட்டாட்சியர் நடவடிக்கை எடுத்தால் அது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 152ஆம் பிரிவு, பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 133தான் அது. அங்கே முதலில் நிபந்தனை உத்தரவு வரும், நேரில் போய்க் காரணம் சொல்ல வாய்ப்பு உண்டு. பஸ் நிலையத்தில் உள்ளாட்சிக்கே சொந்தமான கடையை ஏலத்தில் எடுத்து வாடகை பாக்கி வைத்தவர்களின் கதை முற்றிலும் வேறு. தள்ளுவண்டிக்காரர்களுக்கு 2014ஆம் ஆண்டின் தெருவோர வியாபாரிகள் சட்டம் இருக்கிறது, அப்புறப்படுத்த 30 நாள் அவகாசம் தர வேண்டும்.

உணவுப் பாதுகாப்புத் துறையைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். தருமபுரி, கிருஷ்ணகிரி ஆகிய இரண்டு மாவட்டங்களிலும் பெட்டிக்கடைகளுக்கு சீல் விழுவது அதிகமும் அவர்களால்தான். கர்நாடகத்திலிருந்து ஓசூர் வழியாகக் குட்கா வருவது ஊரறிந்த விஷயம். 2006ஆம் ஆண்டின் உணவுப் பாதுகாப்பு மற்றும் தரங்கள் சட்டத்தில் இரண்டு பாதைகள் உண்டு. 32ஆம் பிரிவில் முதலில் மேம்பாட்டு நோட்டீஸ் கொடுக்க வேண்டும். குறையைச் சரிசெய்ய 14 நாளுக்குக் குறையாத அவகாசம் தர வேண்டும். செய்யாவிட்டால் உரிமத்தை நிறுத்திவைக்கலாம், அதற்குப் பின்னும் செய்யாவிட்டால் காரணம் கேட்டு ரத்து செய்யலாம். பொதுச் சுகாதாரத்துக்காக உடனே நிறுத்திவைக்கவும் வழி உண்டு, ஆனால் காரணத்தை எழுத்தில் பதிவு செய்திருக்க வேண்டும். இதை எதிர்த்து உணவுப் பாதுகாப்பு ஆணையரிடம் 15 நாளுக்குள் மேல்முறையீடு. 34ஆம் பிரிவு அவசரத் தடை. அதில் மாவட்ட நியமன அலுவலர் தானே தடை போட முடியாது, கடைக்காரருக்கு நோட்டீஸ் கொடுத்துவிட்டு ஆணையரிடம் கேட்டு வாங்க வேண்டும். குறை நீங்கியது என்று சான்று கேட்டு நாம் விண்ணப்பித்தால் ஏழு நாளில் சான்று தர வேண்டும், திருப்தி இல்லை என்றால் பத்து நாளில் காரணம் சொல்ல வேண்டும். நீங்களும் மாவு அரைப்பவர்கள் என்பதால் உணவுப் பாதுகாப்புப் பதிவு நடப்பில் இருக்கிறதா என்று இன்றே பாருங்கள். அது இல்லாமல் தொழில் உரிமத்துக்காக மட்டும் வாதாடினால், எதிர்த் தரப்பு வக்கீல் எழுந்து கேட்கும் முதல் கேள்வி அதுவாகத்தான் இருக்கும்.

உங்கள் தாளில் 'உரிமம் இன்றி' என்று இருப்பதால் இது தொழில் உரிமச் சீல் என்றே எடுத்துக்கொள்கிறேன். மில் நகர எல்லைக்குள் இருக்கிறதா, ஊராட்சிக்குள் இருக்கிறதா என்பதை வரி ரசீதைப் பார்த்து உறுதி செய்யுங்கள். தருமபுரி, கிருஷ்ணகிரி நகராட்சிகள், ஓசூர் மாநகராட்சி, பாலக்கோடு, பென்னாகரம், பர்கூர், காவேரிப்பட்டணம் போன்ற பேரூராட்சிகள் எல்லாவற்றுக்கும் 2023 ஏப்ரல் முதல் ஒரே சட்டம்தான்: 1998ஆம் ஆண்டில் இயற்றி நீண்ட காலம் நிறுத்திவைத்திருந்த தமிழ்நாடு நகர்ப்புற உள்ளாட்சிகள் சட்டமும் அதற்கான 2023ஆம் ஆண்டு விதிகளும். அதற்கு முன் நகராட்சிகளுக்கு 1920ஆம் ஆண்டின் மாவட்ட நகராட்சிகள் சட்டம் இருந்தது; தொழில் உரிமம் பற்றிய அதன் 249ஆம் பிரிவு எங்கள் அலுவலகங்களில் எல்லோருக்கும் மனப்பாடம். கிராம ஊராட்சி என்றால் 1994ஆம் ஆண்டின் ஊராட்சிகள் சட்டம். ஒரு எச்சரிக்கை: அதிகாரி பழக்கத்தில் பழைய பிரிவை எழுதியிருந்தால், அதை வைத்து மட்டும் வென்றுவிடலாம் என்று நினைக்காதீர்கள். அதிகாரம் வேறொரு பிரிவில் உண்மையாகவே இருந்தால், பிரிவு எண்ணைத் தவறாகக் குறிப்பிட்டதற்காக மட்டும் நீதிமன்றம் உத்தரவைத் தள்ளாது. அதிகாரமே இல்லை என்றால்தான் விழும். அங்கே கேட்க வேண்டிய கேள்வி ஒன்று உண்டு. 'தொழிலை நிறுத்து' என்று உத்தரவிடுவதும், கதவைப் பூட்டி அரக்கு வைப்பதும் இரு வேறு செயல்கள். இரண்டாவதற்கு எந்தப் பிரிவு இடம் தருகிறது என்று காட்டச் சொல்லுங்கள். காட்ட வேண்டிய பொறுப்பு அவர்களுடையது.

பிப்ரவரியில் கட்டிய கட்டணத்துக்கு வருவோம். பழைய சட்டத்தில், குறித்த காலத்துக்குள் பதில் தராவிட்டால் அனுமதி கிடைத்ததாகவே கருதலாம் என்ற விதி இருந்தது. கடைக்காரர்கள் பலர் அதை இன்னும் நம்பிக்கொண்டிருக்கிறார்கள். உங்கள் மனுவுக்குப் பொருந்தும் சட்டத்திலும் விதியிலும் அந்த வாசகம் எப்படி இருக்கிறது என்று வக்கீலை எடுத்துப் பார்க்கச் சொல்லிவிட்டே மனுவில் எழுதுங்கள். அப்படிக் கிடைக்கும் அனுமதியும் நிபந்தனைகளுக்கு உட்பட்டதுதான், எதையும் செய்யலாம் என்ற சீட்டு கிடையாது. அந்த விதி உதவினாலும் உதவாவிட்டாலும் உங்கள் ரசீதுக்கு மதிப்பு இருக்கிறது: காலத்தில் மனுச் செய்தவரை மாதக்கணக்கில் காக்க வைத்துவிட்டு, உரிமம் இல்லை என்று அதே அலுவலகம் குற்றம் சொல்வதை எந்த நீதிபதியும் முகம் சுளிக்காமல் கேட்கமாட்டார். இணையம் வழியாகக் கட்டியிருந்தால் ஒப்புகை எண்ணோடு அச்செடுத்து வையுங்கள். நேரில் கொடுத்திருந்தால் நகலில் தபால் பிரிவின் முத்திரை இருக்கிறதா பாருங்கள். முத்திரை இல்லாத நகல் வீட்டுப் பீரோவுக்கு மட்டும்தான் ஆகும்.

நோட்டீஸ் தராதது உங்கள் கையில் இருக்கும் மிக வலுவான வாதம். ஒருவருடைய பிழைப்பைப் பாதிக்கும் நடவடிக்கைக்கு முன் அவர் சொல்வதைக் கேட்க வேண்டும் என்பதை 1985ஆம் ஆண்டின் ஓல்கா டெல்லிஸ் வழக்கிலேயே, நடைபாதையில் குடியிருந்தவர்களுக்காகவே, உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. விதிவிலக்கு உண்டு: உடனடி ஆபத்து என்றால் முதலில் மூடிவிட்டுப் பிறகு கேட்கலாம். பல ஆண்டுகளாக ஓடும் மாவு மில் ஒரு வெள்ளிக்கிழமை மாலை திடீரென்று எப்படி ஆபத்தானது? அந்தக் கேள்விக்கு அவர்களிடம் பதில் இருக்க வாய்ப்பில்லை. வெள்ளிக்கிழமை மாலையைத் தேர்ந்தெடுப்பது தற்செயலும் இல்லை. சனி, ஞாயிறு நீதிமன்றம் கிடையாது, வக்கீல் கிடைக்கமாட்டார், அதற்குள் கடைக்காரர் இறங்கி வருவார் என்ற கணக்கு அது.

இன்னொரு ஆயுதமும் அந்தத் தாளிலேயே இருக்கிறது. மொகிந்தர் சிங் கில் என்ற தேர்தல் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்ன ஒரு விதி இன்று எல்லா அரசு உத்தரவுக்கும் பொருந்துகிறது: உத்தரவு போடும்போது என்ன காரணம் எழுதினார்களோ அதை வைத்துத்தான் அதன் தகுதியைப் பார்க்க வேண்டும்; பிறகு நீதிமன்றத்தில் பதில் மனு போடும்போது புதுக் காரணங்களை ஒட்டுப்போட முடியாது. உங்கள் தாளில் சத்தம் என்றோ நெடி என்றோ ஒரு வார்த்தையும் இல்லை. ஆகவே வழக்கு நடக்கும்போது கட்டட உரிமையாளரின் புகாரைத் தூக்கிக் காட்டி இந்த உத்தரவை நியாயப்படுத்த அவர்களால் முடியாது.

ஆனால் புதிதாக ஒரு நோட்டீஸ் கொடுத்து, சத்தத்தையும் நெடியையும் காரணமாக எழுதி, முறைப்படி விசாரித்து, மறுபடி மூட முடியும். அதைத் தடுக்க எந்தத் தீர்ப்பும் இல்லை. இதைத்தான் வழக்குக்குப் போகும் யாரும் யோசிப்பதில்லை. ஒலி மாசு விதிகள் 2000ஆம் ஆண்டிலிருந்து இருக்கின்றன: குடியிருப்புப் பகுதியில் பகலில் 55 டெசிபல், இரவில் 45, வணிகப் பகுதியில் 65, 55. பகல் என்பது காலை 6 முதல் இரவு 10 வரை. உங்கள் தெரு எந்த வகை என்பதை நகரமைப்பு வரைபடம்தான் தீர்மானிக்கும், இரண்டு மளிகைக் கடை இருப்பதால் மட்டும் அது வணிகப் பகுதி ஆகிவிடாது. மோட்டாருக்கு அடியில் ரப்பர் மெத்தை, பக்கத்து வீட்டுச் சமையலறையைப் பார்த்த ஜன்னலை அடைத்து வேறு திசையில் புகைபோக்கி, மாவு கொட்டும் வாயில் கிழியாத துணிக்குழாய், மிளகாய்க்குத் தனி எந்திரமும் குறித்த நேரமும் என்று செய்ய முடிந்ததை எழுதி வாக்குறுதியாகக் கொடுங்கள். மிளகாய் அரைக்கும் மதியத்தில் பக்கத்து வீட்டுக் குழந்தை தும்மிக்கொண்டே இருந்தால் சட்டப்படி நீங்கள் எவ்வளவு சரியாக இருந்தாலும் அந்த வீட்டுக்காரர் உங்கள் பக்கம் சாட்சி சொல்லமாட்டார். மூன்று பக்கத்து வீட்டுக்காரர்கள் 'எங்களுக்கு ஆட்சேபம் இல்லை' என்று கையெழுத்திட்டுக் கொடுத்தால், வாடகைத் தகராறில் இருக்கும் உரிமையாளரின் ஒற்றைப் புகார் தானாக மெலிந்துபோகும்.

இப்போது அந்த உரிமையாளர். வாடகைக்காரரைக் கிளப்ப நினைப்பவர்கள் வழக்குப் போட்டுக் காத்திருப்பதை விட உள்ளாட்சிக்கு ஒரு புகார் எழுதுவது மலிவு என்று கண்டுகொண்டிருக்கிறார்கள். 2017ஆம் ஆண்டின் தமிழ்நாடு நில உரிமையாளர், வாடகைதாரர் உரிமைகள் சட்டம் 2019 பிப்ரவரியில் நடைமுறைக்கு வந்தது. அதன்படி காலி செய்ய வைக்க வேண்டுமானால் வாடகை நீதிமன்றத்துக்குத்தான் போக வேண்டும். உங்களுக்குச் சாதகமில்லாத ஒன்றும் அதில் உண்டு: எழுத்து மூலமான வாடகை ஒப்பந்தம் போட்டுக்கொள்ளாததே காலி செய்ய வைக்க ஒரு காரணம். பழைய வாய்மொழி ஏற்பாட்டை நம்பி இருந்தால் அந்தப் பக்கம் உங்களுக்குப் பலவீனம்.

உரிமம் புதுப்பிக்க உரிமையாளரின் சம்மதக் கடிதம் வேண்டும் என்று அலுவலகத்தில் கேட்டிருப்பார்கள். கேட்பதற்கு விதியில் இடம் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். இது சின்ன விஷயம் கிடையாது. தமிழ்நாட்டுச் சினிமா கொட்டகை ஒன்றின் உரிமம் பற்றிய வழக்கில் 1973இல் உச்ச நீதிமன்றம் ஒரு நுட்பமான கோடு போட்டது. குத்தகைக் காலம் முடிந்த பின்னும் இடத்தில் இருப்பவரைப் பலவந்தமாக வெளியேற்ற முடியாது, சட்டம் அவரைக் காக்கும்; ஆனால் உரிமம் பெற 'சட்டபூர்வமான அனுபோகம்' வேண்டும் என்று விதி சொன்னால், வெறுமனே வெளியேற்றப்படாமல் இருப்பது அதற்குப் போதாது. அந்த முடிவு சினிமா விதியில் இருந்த சொற்களைச் சார்ந்தது. உங்களுக்குப் பொருந்தும் விதியில் அப்படிப்பட்ட சொற்கள் இருக்கின்றனவா என்பதே கேள்வி. எப்படியானாலும் வாடகையை ஒரு மாதமும் நிறுத்தாதீர்கள். அவர் வாங்க மறுத்தால் மணியார்டரிலோ வங்கி மூலமோ அனுப்புங்கள்; தொடர்ந்து மறுத்தால் வாடகை அதிகாரியிடம் கட்டச் சட்டத்தில் வழி இருக்கிறது. வாடகை பாக்கி வைத்துக்கொண்டு உரிமத்துக்காக நீதிமன்றத்தில் நிற்பது கஷ்டம்.

ஒரே மனுவில் இரண்டு சண்டையையும் போடாதீர்கள் என்பதே இதில் நான் சொல்ல விரும்புவது. உரிமையாளர் அட்வான்ஸ் திருப்பித் தரவில்லை, அவருடைய மகன் மிரட்டினார் என்றெல்லாம் ஆணையாளருக்கு எழுதினால், 'இது உரிமையியல் தகராறு, நீதிமன்றத்தில் பார்த்துக்கொள்ளவும்' என்று எழுதி மனுவை முடித்துவிட அவருக்கு வசதியாகிவிடும். ஆணையாளருக்குக் கொடுக்கும் மனுவில் நான்கு விஷயம் போதும்: எப்போதிலிருந்து உரிமத்தோடு நடத்துகிறோம், எந்தத் தேதியில் கட்டணம் கட்டினோம், நோட்டீஸ் இல்லாமல் என்றைக்குப் பூட்டினீர்கள், குறை இருந்தால் இன்ன இன்னது செய்து சரிசெய்கிறோம். பழைய உரிமங்கள், கட்டண ரசீது, மின் கட்டண அட்டை, தொழில்வரி ரசீது ஆகியவற்றை இணைத்து நேரில் கொடுத்து முத்திரை வாங்குங்கள், ஒரு படி ஒப்புகை அட்டையோடு தபாலிலும் அனுப்புங்கள். அன்றே ஆய்வறிக்கை, புகார் மனு, கோப்புக் குறிப்பு ஆகியவற்றின் நகல் கேட்டுத் தகவல் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய் கட்டி ஒரு மனு. பதில் வர 30 நாள் ஆகலாம், ஆனால் அப்படி ஒரு மனு வந்துவிட்டது என்று தெரிந்ததும் பின் தேதியிட்ட நோட்டீஸ் தயாரிக்கும் ஆசை அலுவலகத்தில் குறைந்துவிடும்.

கலெக்டர் மனு பற்றிக் கேட்டிருந்தீர்கள். திங்கட்கிழமை குறைதீர் கூட்டத்தில் கொடுங்கள், தடையில்லை. அந்த மனு எண் போட்டு, நடவடிக்கைக்காக, உங்களுக்கு சீல் வைத்த அதே அலுவலகத்துக்கே வரும். பதிலும் அங்கிருந்தேதான் எழுதப்படும். உத்தரவை எதிர்க்கும் மேல்முறையீடாக அது கணக்கில் சேராது, காலக்கெடுவும் அதற்காக நிற்காது. அதை மட்டும் நம்பி மேல்முறையீட்டு நாளைக் கோட்டைவிட்டவர்கள் அதிகம்.

உயர் நீதிமன்றம் என்றால் நம் இரு மாவட்டங்களுக்கும் சென்னைதான், மதுரைக் கிளை கிடையாது. சட்டத்தில் மேல்முறையீடு இருக்கும்போது ஏன் இங்கே வந்தீர்கள் என்று முதலில் கேட்பார்கள். இயற்கை நீதி, அதாவது ஒருவர் சொல்வதைக் கேட்காமல் முடிவெடுக்கக் கூடாது என்ற நெறி, மீறப்பட்டாலோ அதிகாரமே இல்லாமல் உத்தரவு போட்டிருந்தாலோ ரிட் மனுவை (அரசு அமைப்பின் உத்தரவை எதிர்த்து நேராக உயர் நீதிமன்றத்தில் போடும் மனுவை) ஏற்கலாம் என்று 1998ஆம் ஆண்டின் வேர்ல்பூல் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது; உங்கள் வழக்கில் முதலாவது காரணம் தெளிவாக இருக்கிறது. அங்கே என்ன கிடைக்கும் என்பதை இப்போதே தெரிந்துகொள்ளுங்கள். 'மில்லை இன்றே திற, உரிமத்தைக் கொடு' என்ற உத்தரவு அபூர்வம். உத்தரவை ரத்து செய்து, மனுதாரரை நேரில் அழைத்துக் கேட்டு இத்தனை வாரத்துக்குள் தகுதியின் அடிப்படையில் முடிவெடுக்கவும் என்று அதே ஆணையாளருக்கே திருப்பி அனுப்புவதுதான் வழக்கம். சில நேரம் அதுவரை நிபந்தனையோடு திறக்க இடைக்கால அனுமதி கிடைக்கும். ஆக, சென்னை வரை போய் வந்தாலும் கடைசியில் ஆணையாளர் மேசையில் இருக்கப்போவது நீங்கள் முதல் வாரத்தில் கொடுத்த மனுதான். அதை அவசரத்தில் கிறுக்கிக் கொடுக்காதீர்கள் என்று சொல்வதற்குக் காரணம் இது.

உள்ளூர் முன்சீப் கோர்ட்டில் தடையுத்தரவு கேட்டு வழக்குப் போடலாமே என்று யாராவது சொல்வார்கள். அரசுத் தரப்புக்கு முன் நோட்டீஸ், அதிலிருந்து விலக்குக் கேட்கத் தனி மனு, வேறு பரிகாரம் இருக்கிறதே என்ற ஆட்சேபம் என்று நாள் போகும். ஏற்கெனவே பூட்டிய கதவுக்கு அது பொருத்தமான வழி என்று நான் நினைக்கவில்லை. கட்டட உரிமையாளர் ஆட்களை வைத்து எந்திரத்தைத் தூக்கிவிடுவார் என்ற பயம் இருந்தால், அவர் மீது தடை கேட்க அந்தக் கோர்ட் பயன்படும்.

என்ன கோபம் இருந்தாலும் சீலை உடைக்காதீர்கள், பின்கதவு வழியாக மோட்டாரை ஓட்டாதீர்கள். பொது ஊழியரின் உத்தரவை மீறியதாகப் இப்போதைய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 223ஆம் பிரிவில் புகார் வரும், அதோடு உயர் நீதிமன்றத்தில் உங்கள் மீதிருந்த இரக்கமும் போய்விடும். உள்ளே மாட்டிக்கொண்ட தானியத்துக்குத் தனி மனு கொடுங்கள். சுண்ணாம்புக்கட்டியால் பெயர் எழுதிய டப்பாக்களும், கழுவிக் காயவைத்துக் கொண்டுவந்த கேழ்வரகு மூட்டைகளும் வாடிக்கையாளர்களின் சொத்து. அவற்றை எலிக்கும் பூச்சிக்கும் விடுவதற்கு எந்த உத்தரவிலும் காரணம் இல்லை. அலுவலர் முன்னிலையில் திறந்து, பட்டியல் எடுத்து, மகஜரில், அதாவது நடந்ததை எழுதும் பதிவில், இரு தரப்பும் கையெழுத்திட்டு, பொருளை மட்டும் எடுத்துக்கொண்டு மறுபடி பூட்டிக்கொள்ளச் சம்மதம் என்று எழுதுங்கள். பெரும்பாலும் இதற்கு மறுப்புச் சொல்வதில்லை. மறுத்தால் அந்த மறுப்பே ரிட் மனுவில் ஒரு பத்தி.

மூடியிருந்த நாட்களின் வருமானத்துக்கு நஷ்டஈடு கேட்கலாமா என்று அடுத்துக் கேட்பீர்கள். சட்டப்படி வழக்குப் போடலாம். நல்லெண்ணத்தோடு செய்த செயலுக்குப் பாதுகாப்பு உண்டு என்ற வாதத்தை உடைத்து, கெட்ட நோக்கத்தை நிரூபிக்க வேண்டியிருக்கும், பல ஆண்டு ஆகும். மில் திறந்த பிறகு, கட்டிய கட்டணத்தை வரும் ஆண்டுக்கு ஈடு செய்யக் கேட்டு ஒரு மனு கொடுங்கள். கிடைத்தாலும் கிடைக்காவிட்டாலும் அதற்குச் செலவில்லை.